பணி வழக்குகளில் முன்தீர்ப்புத் தடை: எவரைக் கட்டும், எவரைக் கட்டாது?

நிலத் தகராறு பெரும்பாலும் வாதி, பிரதிவாதியோடு முடிந்துவிடும். அரசுப் பணியில் நியமனத் தேதி பற்றிய தகராறு அப்படியல்ல. பணிமூப்புப் பட்டியலில் ஒருவர் மேலே ஏறினால், அவர் தாண்டிச் சென்ற அத்தனை பேரும் ஓரிடம் இறங்குவார்கள். அவர்களில் பலருக்கு வழக்கு நடந்ததே தெரிந்திருக்காது. தீர்ந்த வழக்கை மறுபடி கிளப்பக் கூடாது என்ற முன்தீர்ப்புத் தடை விதி இத்துறையில் தனி வழியில் வளர்ந்ததற்கு இதுவே காரணம்.

விதி பழையது. 1916-இல் ஷியோபர்சன் சிங் வழக்கை விசாரித்த பிரிவி கவுன்சில், இது இந்து தர்மசாஸ்திர உரையாசிரியர்களின் கருத்துக்கும் ஒத்ததே என்று சொல்லி, மிதாட்சரம் எழுதிய விக்ஞானேசுவரரைச் சுட்டிக்காட்டியது. 1908-ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 11-ஆம் பிரிவு இதற்கு எழுத்து வடிவம் தந்தது. முந்தைய வழக்கில் எழுப்பியிருக்க வேண்டிய வாதத்தை எழுப்பாமல் விட்டாலும், அது தீர்ந்துபோனதாகவே கொள்ளப்படும் என்கிறது அதன் நான்காம் விளக்கம்.

ஆனால் ரிட் மனு உரிமையியல் வழக்கு அல்லவே? 1961-இல் தர்யாவ் வழக்கில் நீதிபதி கஜேந்திரகட்கர் எழுதிய தீர்ப்பு இதற்கு விடை சொன்னது. உயர் நீதிமன்றம் அரசியல் சாசனத்தின் 226-ஆம் பிரிவின் கீழ் தகுதி அடிப்படையில் ஆராய்ந்து தள்ளிய கோரிக்கையோடு 32-ஆம் பிரிவின் கீழ் உச்ச நீதிமன்றத்துக்கு வர முடியாது. காலதாமதத்துக்காகவோ, மாற்றுப் பரிகாரம் இருப்பதற்காகவோ தள்ளியிருந்தால் இந்தத் தடை இல்லை.

இந்த விதி எவ்வளவு கடுமையானது என்பதை 1977-இல் நவாப் உசேன் வழக்கு காட்டியது. உத்தரப் பிரதேசத்தில் ஒரு போலீஸ் சப்-இன்ஸ்பெக்டர் 1954-இல் டி.ஐ.ஜி. உத்தரவால் பதவி நீக்கப்பட்டார். தன் தரப்பைச் சொல்ல உரிய வாய்ப்பு தரவில்லை என்று அவர் தொடுத்த ரிட் மனு தோற்றது. பிறகு உரிமையியல் வழக்குப் போட்டார். தன்னை நியமித்தவர் ஐ.ஜி., அவருக்குக் கீழுள்ள டி.ஐ.ஜி. தன்னை நீக்க அரசியல் சாசனத்தின் 311-ஆம் பிரிவு இடம் தரவில்லை என்பது புதிய வாதம். வலுவான வாதம்தான், உயர் நீதிமன்றம் அதை ஏற்றது. ஆனால் உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. யார் நியமித்தார் என்பது ரிட் மனு போட்ட நாளிலேயே அவருக்குத் தெரியும், அப்போதே சொல்லியிருக்க வேண்டும் என்றது. மனுவில் விடுபட்ட ஒரு பத்தி ஒருவரின் வேலைக்கே விலையானது என் மனத்தை உறுத்துகிறது. ஆயினும் வேறு வழி இருந்ததாகத் தோன்றவில்லை. ஒரே பதவி நீக்கத்தைத் தவணை முறையில் தாக்க அனுமதித்தால் எந்த உத்தரவும் இறுதியாகாது.

1990-இல் மகாராஷ்டிரத்தின் நேரடி நியமனப் பொறியாளர்கள் சங்க வழக்கில் அரசியல் சாசன அமர்வு இதையே பணித்துறை முழுமைக்கும் விரித்தது. ஒரு பணிப்பிரிவைப் பற்றி நன்கு ஆராய்ந்து தந்த முடிவை, குற்றம் கண்டுபிடிக்கும் நோக்கில் துருவாமல் மதிக்க வேண்டும், நிலைபெற்றதைக் குலைப்பது பணியின் நலனுக்கு உகந்ததல்ல என்றது.

காலதாமதமும் இதற்குத் துணைக் காவல். தமிழ்நாட்டிலிருந்து சென்ற சதாசிவசுவாமி வழக்கில் 1957-ஆம் ஆண்டுப் பதவி உயர்வை எதிர்த்து 1971-இல் மனு வந்தது. இளையவருக்குத் தந்த பதவி உயர்வை ஆறு மாதத்துக்குள், மிஞ்சினால் ஓராண்டுக்குள் எதிர்க்க வேண்டும் என்றது உச்ச நீதிமன்றம். பழைய குறையை மனுவாகக் கொடுத்து, அதற்கு வரும் பதிலைப் புதிய வழக்குக் காரணமாக்கும் உத்தியும் 2008-இல் சி.ஜேக்கப் வழக்கில் அடைபட்டது.

இத்தனை கதவுகள் அடைபட்டபின், வழக்கில் சேர்க்கப்படாமலே பாதிக்கப்பட்டவர் எங்கே போவார்? 1997-இல் அஜித் பாபு வழக்கு அவருக்கு வழிவிட்டது. அவர் தீர்ப்பாயத்தில் மனு போடலாம். முந்தைய தீர்ப்பு சரியென்று பட்டால் தீர்ப்பாயம் அதைப் பின்பற்றலாம். ஐயம் எழுந்தால் பெரிய அமர்வுக்கு அனுப்ப வேண்டும். தடையின் உண்மையான எல்லை இதுதான் என்பது என் கருத்து: கேட்கப்பட்டவரைத்தான் அது கட்ட வேண்டும்.

அரசும் கேட்கப்பட்ட தரப்புதான். பணியாளர் அனைவருக்கும் பயன் தரும் நோக்கில் அமைந்த தீர்ப்பை அதிகாரிகள் தாமாகவே எல்லோருக்கும் விரிக்கக் கடமைப்பட்டவர்கள் என்று 2014-இல் அரவிந்த் குமார் ஸ்ரீவாஸ்தவா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. தோற்ற துறைகளே அதே வாதத்தோடு அடுத்த ஊழியரையும் நீதிமன்றத்துக்கு இழுக்கும்வரை, முடிந்த வழக்கை மீண்டும் நடத்துவதில் முதல் குற்றவாளி ஊழியர் அல்லர், அரசுதான்.