சாதி மறுப்புத் திருமணம்

சாதி மறுப்புத் திருமணம் என்பது வெவ்வேறு சாதிகளில் பிறந்த இருவர், சாதி வேறுபாட்டைப் பொருட்படுத்தாது செய்துகொள்ளும் திருமணம் ஆகும். அரசு ஆவணங்களில் இது கலப்புத் திருமணம் எனப்படுகிறது. மனிதரில் கலப்பு என்று ஒன்று இல்லை என்னும் கருத்துடையோர் முந்தைய சொல்லையே விரும்புகின்றனர். தமிழ்நாட்டில் இத்தகைய திருமணங்களுள் பல, காதலின் வழியாகவே நிகழ்கின்றன.

வரலாறு

புரோகிதரும் சடங்கும் இல்லாத சுயமரியாதைத் திருமணம், பெரியார் தலைமையில் 1928 மே 28 அன்று அருப்புக்கோட்டையை அடுத்த சுக்கிலநத்தம் சிற்றூரில் முதன்முதலாக நடைபெற்றது. இம்முறை சாதி கடந்த மணங்களுக்கும் வழி திறந்தது. எனினும் 1953 இல் சென்னை உயர்நீதிமன்றம் இத்தகைய மணங்கள் சட்டப்படி செல்லாதவை எனத் தீர்ப்பளித்தது. அண்ணாதுரை தலைமையிலான அரசு 1967 இல் இந்துத் திருமணச் சட்டத்தில் 7-அ பிரிவைச் சேர்த்து இவற்றுக்கு ஏற்பு வழங்கியது. இத்திருத்தம் 1968 இல் நடைமுறைக்கு வந்தது.

சட்ட நிலை

மணமகனுக்கு 21 வயதும் மணமகளுக்கு 18 வயதும் நிறைந்திருத்தல் வேண்டும். பெற்றோரின் ஒப்புதல் தேவையில்லை. இணையர் இருவரும் இந்துக்களாயின் இரு வழிகள் உள்ளன.

* 7-அ பிரிவு: உறவினர், நண்பர் அல்லது பிறர் முன்னிலையில் ஒருவரையொருவர் ஏற்பதாகக் கூறுதல், மாலை அல்லது மோதிரம் மாற்றுதல், தாலி கட்டுதல் ஆகியவற்றுள் ஒன்று போதுமானது. வழக்கறிஞர் அலுவலகத்தில் மறைவாக நடக்கும் மணம் செல்லாது என 2014 இல் சென்னை உயர்நீதிமன்றம் கூறியதை, 2023 ஆகத்து மாதத்தில் உச்சநீதிமன்றம் தள்ளுபடி செய்தது.
* சிறப்புத் திருமணச் சட்டம், 1954: வெவ்வேறு மதத்தினருக்கும் இது பொருந்தும். 30 நாள் முன்னறிவிப்பு அலுவலகத்தில் ஒட்டப்படும். இணையருள் ஒருவரின் நிலையான வசிப்பிடம் வேறு மாவட்டமாயின், அறிவிப்பின் படி அம்மாவட்டத்துக்கும் அனுப்பப்பட்டு அங்கும் ஒட்டப்படும்.

சென்னையின் மேற்குப் புறநகர்

1960களில் உருவான அம்பத்தூர் தொழிற்பேட்டையும் ஆவடி கனரக வாகனத் தொழிற்சாலையும், பிற்காலத்தில் பூந்தமல்லிக்கு அப்பால் வளர்ந்த திருப்பெரும்புதூர்த் தொழிற்பகுதியும் பல மாவட்டங்களின் இளைஞர்களை இப்பகுதிக்கு ஈர்த்துள்ளன. விடுதிகளிலும் வாடகை அறைகளிலும் தங்கிப் பணிபுரியும் இவர்களுக்கு, சொந்த ஊரில் வாய்க்காத பழக்கம் பணியிடத்தில் வாய்க்கிறது. ஆயினும் ஊரின் பிடி அறுபடுவதில்லை. மேற்கூறிய முன்னறிவிப்பு விதி, ஊரிலிருந்து விலகி வாழும் இணையரை மீண்டும் ஊர்ப் பார்வைக்குக் கொண்டுவருகிறது. எனவே, இந்து இணையருள் பலர் 7-அ பிரிவை நாடுகின்றனர். வெவ்வேறு மதத்தினருக்கு அவ்வழி இல்லை.

எதிர்ப்பும் வன்முறையும்

தமிழ்நாட்டில் சாதி மறுப்புக் காதலுக்காக நிகழும் கொலைகள் ஆணவக் கொலைகள் எனப்படுகின்றன.

* 2003: விருத்தாசலம் அருகே கண்ணகி, முருகேசன் இணையர் நஞ்சூட்டிக் கொல்லப்பட்டனர். விசாரணை நீதிமன்றத் தீர்ப்பு 2021 இல்தான் வந்தது.
* 2016: உடுமலைப்பேட்டையில் சங்கர் வெட்டிக் கொல்லப்பட்டார். உயிர் தப்பிய மனைவி கௌசல்யா தம் பெற்றோருக்கு எதிராகச் சாட்சியம் அளித்தார். மரண தண்டனை பெற்ற அவருடைய தந்தையை 2020 இல் உயர்நீதிமன்றம் விடுவித்தது.
* 2025: சென்னையில் மென்பொருள் நிறுவனமொன்றில் பணிபுரிந்த கவின் செல்வகணேஷ், சூலை 27 அன்று திருநெல்வேலியில் கொல்லப்பட்டார். அவருடன் பழகிய பெண்ணின் சகோதரர் கைது செய்யப்பட்டார்.

பாதுகாப்பும் உதவியும்

2016 ஏப்ரலில் சென்னை உயர்நீதிமன்றம், இத்தகைய இணையரைக் காக்க மாவட்டந்தோறும் தனிப்பிரிவு அமைக்க ஆணையிட்டது. 2018 இல் உச்சநீதிமன்றம், வயது வந்த இருவரின் மணத்தில் தலையிடக் குடும்பத்துக்கோ ஊர்ப் பஞ்சாயத்துக்கோ உரிமையில்லை எனத் தீர்ப்பளித்தது. 2025 அக்டோபரில் தமிழ்நாடு அரசு, தனிச்சட்டம் பற்றிப் பரிந்துரைக்க ஓய்வுபெற்ற நீதிபதி கே. என். பாஷா தலைமையில் ஆணையம் அமைக்கப்படும் என அறிவித்தது. டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி நினைவுக் கலப்புத் திருமண நிதியுதவித் திட்டம், தகுதியுடைய இணையருக்குப் பணமும் தாலிக்குத் தங்கமும் வழங்குவதற்காக ஏற்பட்டது.

பிற நாடுகளில்

குடும்ப மானத்தின் பெயரால் காதலர் கொல்லப்படுதல் தமிழ்நாட்டுக்கு மட்டும் உரியதன்று. சுவீடனில் வாழ்ந்த குர்து இனப் பெண் பாதிமே சாகிந்தால், 2001 இல் அந்நாட்டு நாடாளுமன்றத்தில் இது குறித்து உரையாற்றினார். 2002 சனவரியில் தம் தந்தையாலேயே கொல்லப்பட்டார். ஈராக்கில் யசீதி இளம்பெண் துஆ கலீல், வேற்று மதத்தவரைக் காதலித்ததாகக் குற்றம் சாட்டப்பட்டு 2007 இல் கல்லெறிந்து கொல்லப்பட்டார். ஈராக்கிய குர்திசுதான் 2011 இல் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம் இயற்றியது.

இவற்றையும் பார்க்கவும்

* சுயமரியாதைத் திருமணம்
* ஆணவக் கொலை
* சிறப்புத் திருமணச் சட்டம், 1954