இடம் மாறிய யானைகள்

தோட்டப்புறத்தில் வாழ்ந்தவர்களுக்கு யானை பயம் புதிதல்ல. 1956இல் பெல்டா தொடங்கப்பட்டபின் காடுகள் வேகமாகச் செம்பனைத் தோட்டங்களாயின. வழியிழந்த யானைகள் இளங்கன்றுகளின் குருத்தைத் தின்றன. பல யானைகள் சுட்டுக் கொல்லப்பட்டன.

இதற்கு மாற்றாக, 1974இல் வனவிலங்குத் துறை யானை பிடிக்கும் குழுவை அமைத்தது. மயக்க ஊசி போட்டு, பழக்கிய யானைகளின் துணையோடு லாரியில் ஏற்றி, தமான் நெகாரா போன்ற காடுகளில் விட்டார்கள். 1989இல் பகாங், கோல கண்டாவில் யானைப் பாதுகாப்பு மையமும் உருவானது. நூற்றுக்கணக்கான யானைகள் இப்படி இடம் மாறின.

ஆனால், சில யானைகள் பழைய இடத்தைத் தேடித் திரும்பி நடந்தன. பிறந்த காட்டை யானை மறப்பதில்லை. எனவே, இடமாற்றம் அவசர சிகிச்சை மட்டுமே. எஞ்சியுள்ள காட்டைக் காப்பதே நிரந்தரத் தீர்வு. சிந்திப்போம்.