பாதுவாவின் மூலிகைத் தோட்டம்

இத்தாலியின் வடபகுதியில் பாதுவா என்னும் நகர் உண்டு. 16-ஆம் நூற்றாண்டில் வெனிஸ் குடியரசின் ஆட்சிக்குட்பட்டிருந்த அந்நகரின் பல்கலைக்கழகம் மருத்துவக் கல்வியில் பெயர்பெற்றது. ஆயினும், மாணவர்களே, அங்கு ஒரு குறை இருந்தது. மருந்துச் செடியை ஏட்டிலே படித்தனரேயன்றி, மண்ணிலே கண்டவர் சிலரே. பழைய நூல்கள் சொல்லும் பெயர் எந்தச் செடியைக் குறிக்கிறது என்பதிலேயே அறிஞர்க்குள் ஐயம்; கடையிலோ போலிச் சரக்கு. இலை மாறினால் நோயாளியின் உயிரன்றோ போகும்!

பேராசிரியர் பொனாஃபெதே வேண்டியதன் பயனாக, 1545-இல் வெனிஸ் ஆட்சி மன்றம் மூலிகைத் தோட்டம் அமைக்க ஆணையிட்டது. மெய்ம்மருந்தைப் போலியினின்று பிரித்தறிய மாணவர் அங்கே செடியைப் பார்த்தே பயின்றனர். ஆனால் இரவில் செடிகள் களவுபோயின. அபராதம், சிறை என்று அச்சுறுத்தியும் பயனில்லை. 1552-இல் சுற்றிலும் வட்ட மதில் எழுப்பினர். பாடநூலுக்கே காவல் போட வேண்டியிருந்தது!

1585-இல் அங்கு நட்ட பனையினத்து மரமொன்று கண்ணாடி மனைக்குள் இன்றும் வாழ்கின்றது. 1786-இல் அங்கு வந்த ஜெர்மானியக் கவிஞர் கோதே, அதன் அடியோலை ஈட்டிபோல் ஒற்றையாய் இருப்பதையும், மேலே செல்லச் செல்ல ஓலைகள் விசிறியாய்ப் பிளவுபடுவதையும் கண்டு வியந்தார். தோட்டக்காரரிடம் சில ஓலைகளை வெட்டித் தரச்சொல்லி, உடன் எடுத்துச் சென்றார்.