வாலாஜாபேட்டை வழியாகப் பெங்களூருவுக்கு

புஷ்ய பகுள பஞ்சமியில் தியாகராஜ சுவாமிகள் ஆராதனை. பத்தே நாளில், அதே மாத அமாவாசையில் புரந்தரதாசர் ஆராதனை. காவிரிக் கரையில் பஞ்சமிதான் பெருநாள். பெங்களூருச் சபாக்களுக்கு இரண்டும் பெருநாள். ஒரே பந்தலில் இரண்டு படங்களையும் வைத்து, ஒரு பக்கம் பஞ்சரத்தினமும் மறுபக்கம் தாசர் பதங்களுமாகப் பாடுவது இந்த ஊரில் ஊறிப்போன வழக்கம். சுவாமிகளே இதை மெச்சியிருப்பார். அவர் இயற்றிய பிரகலாத பக்தி விஜயம் என்ற இசை நாடகத்தின் தொடக்கத்தில் வணக்கம் பெறும் பெரியோர்களில் புரந்தரதாசரும் ஒருவர். சுவாமிகளுக்கு ஏறக்குறைய மூன்று நூற்றாண்டு முன்பு வாழ்ந்தவர், கன்னடத்தில் பாடியவர். ஆனாலும் அவரைத் தம் முன்னோராகவே சுவாமிகள் எண்ணினார்.

இந்த மலருக்கு ஆராதனை வரலாற்றை எழுதப் புகும்போது கேட்க வேண்டிய முதல் கேள்வி இதுதான்: திருவையாற்றில் ஒரு சிறு வீட்டில் பிறந்த பாட்டுகள் இந்த ஊருக்கு எப்படி வந்து சேர்ந்தன?

சுவாமிகள் 1767-இல் திருவாரூரில் பிறந்தார். 1847-இல் திருவையாற்றில் சித்தியடைந்தார். அரண்மனை வேலை பார்க்கவில்லை. உஞ்சவிருத்தியில் வந்த அரிசிதான் உணவு. இன்று நம் கைக்குக் கிடைத்திருப்பவை சுமார் எழுநூறு கிருதிகள். அவற்றைக் காப்பாற்றித் தந்தவர்கள் சீடர்கள். உமையாள்புரம், தில்லைஸ்தானம், வாலாஜாபேட்டை என்று மூன்று பரம்பரைகளைச் சங்கீத உலகம் சொல்லும். இவற்றில் வாலாஜாபேட்டை வேங்கடரமண பாகவதருக்கு நாம் தனியாகக் கடன்பட்டிருக்கிறோம். தஞ்சை அய்யம்பேட்டைச் சௌராஷ்டிரக் குடும்பத்தில் பிறந்து பின்னாளில் வாலாஜாபேட்டையில் குடியேறியவர் அவர். குருவின் பாட்டுகளை ஓலையிலும் தாளிலும் எழுதி வைத்தார். பிறகு அவர் மகன் கிருஷ்ணசுவாமி பாகவதரும் எழுதினார். அந்தச் சுவடிகள் இன்று மதுரைச் சௌராஷ்டிர சபையில் இருக்கின்றன. காதால் மட்டுமே பாடம் நடந்த காலத்தில் இப்படி உட்கார்ந்து எழுதியது பெரிய தொண்டு.

வாலாஜாபேட்டை சென்னையிலிருந்து பெங்களூருவுக்கு வரும் சாலையில் இருக்கிறது. பாட்டும் அந்த வழியே மேற்கே நடந்தது. வேங்கடரமண பாகவதரிடம் பயின்ற சதாசிவ ராவ் மைசூர் சமஸ்தான வித்வானாகி, மைசூர் சதாசிவ ராவ் என்ற வாக்கேயக்காரராகப் புகழ்பெற்றார். வீணை சேஷண்ணாவும் வீணை சுப்பண்ணாவும் அவரிடம் கற்றவர்கள். இன்னொரு கிளை, கிருஷ்ணசுவாமி பாகவதரிடமிருந்து பெங்களூர்ப் பிடில் வித்வான் முனிசுவாமப்பாவுக்கு வந்தது. முனிசுவாமப்பாவின் பெயரை இன்று கச்சேரி மேடைகளில் யாரும் சொல்வதில்லை. சொல்ல வேண்டும். அவரிடம் பாட்டுக் கற்க வந்த ஒரு சிறுமியால்தான் திருவையாறு இன்றைய திருவையாறாக இருக்கிறது.

அந்தச் சிறுமி நாகரத்தினம். 1878-இல் நஞ்சன்கூட்டில் தேவதாசிக் குடும்பத்தில் பிறந்தவர். மைசூரில் கிரிபட்ட திம்மய்யாவிடம் சம்ஸ்கிருதம் படித்தார். பெங்களூருவில் முனிசுவாமப்பாவிடம் சுவாமிகளின் கிருதிகளைப் பாடம் செய்தார். மைசூர் சமஸ்தான வித்வான் பிடாரம் கிருஷ்ணப்பாவையும் குருவாகக் கொண்டார். சென்னைக்குக் குடிபோய் அங்கே பெரும் புகழும் பொருளும் சேர்த்த பிறகும் பெயருக்கு முன்னால் 'பெங்களூர்' நிலைத்துவிட்டது. முனிசுவாமப்பா வழியாகப் பார்த்தால் அவர் சுவாமிகளின் சிஷ்ய பரம்பரையில் நான்காம் தலைமுறை.

அவர் மன உறுதிக்கு ஒரு சான்று போதும். பதினெட்டாம் நூற்றாண்டுத் தஞ்சை அரசவைக் கவி முத்துப்பழனி, அவரும் தேவதாசி. அவர் தெலுங்கில் எழுதிய ராதிகா சாந்த்வனத்தை நாகரத்தினம்மாள் 1910-இல் முழுமையாகப் பதிப்பித்தார். ஆபாசம் என்று கூச்சல் எழுந்தது. அரசாங்கம் நூலைத் தடை செய்தது. 1947-இல்தான் தடை நீங்கியது. ஆண் கவிகள் சிருங்காரம் எழுதினால் காவியம், பெண் எழுதினால் குற்றமா என்பதே அம்மாளின் வாதம். எனக்கு அதில் ஒரு குறையும் தெரியவில்லை.

சுவாமிகளின் சமாதி கவனிப்பாரின்றிக் கிடந்தபோது, 1903-இல் உமையாள்புரம் கிருஷ்ண பாகவதரும் சுந்தர பாகவதரும் அதைச் செப்பனிட்டார்கள். பிறகு ஆண்டுதோறும் ஆராதனை நடக்கலாயிற்று. ஆனால் நடத்துபவர்களுக்குள் பூசல் வந்து பெரிய கட்சி, சின்ன கட்சி என்று பிரிந்தார்கள். பாட்டு வளர்ந்தது, சமாதி இருந்த இடம் மறுபடி பாழானது. 1921-இல் பிடாரம் கிருஷ்ணப்பா அந்த நிலையைப் பார்த்து நாகரத்தினம்மாளுக்குக் கடிதம் எழுதினார். அம்மாள் திருவையாற்றுக்குப் புறப்பட்டார். தாம் பாடிச் சேர்த்த பொருளைக் கொண்டு இடத்தைச் சீர்செய்து, சமாதிக்குக் கோயில் எழுப்பி, சுவாமிகளின் சிலையைப் பிரதிஷ்டை செய்தார். 1926-இல் குடமுழுக்கு நடந்தது.

கோயிலைக் கட்டியவருக்கு அங்கே பாட இடமில்லை. இரண்டு கட்சிகளுமே பெண்கள் பாடுவதை ஏற்கவில்லை. அம்மாள் கோயிலின் பின்புறத்தில் பெண்களைக் கூட்டித் தனியாக ஆராதனை நடத்தினார். மூன்றாவதாக ஒரு பெண்கள் கட்சி உருவாயிற்று. வழக்கு, வாக்குவாதம் எல்லாம் நடந்து, 1940-41 வாக்கில் மூன்று கட்சிகளும் ஒன்றாயின. முசிரி சுப்பிரமணிய ஐயரும் ஐ.சி.எஸ். அதிகாரி எஸ்.ஒய். கிருஷ்ணஸ்வாமியும் அதற்கு உழைத்தவர்கள். இன்று நாம் காணும் பஞ்சரத்தின கோஷ்டி கானம், ஆணும் பெண்ணும் சன்னிதி முன் எதிரெதிர் வரிசையாக உட்கார்ந்து நாட்டை, கௌளை, ஆரபி, வராளி, ஸ்ரீ என்று ஐந்தையும் பாடும் முறை, அந்த ஒற்றுமைக்குப் பிறகு நிலைபெற்றது. ஆதிகாலம் முதல் அப்படியே நடக்கிறது என்று நம்மில் பலர் நினைக்கிறோம். நூறு வயதுகூட ஆகாத வழக்கம் அது.

கோஷ்டியைப் பற்றி ஒன்று சொல்லத் தோன்றுகிறது. நாட்டையில் பந்தலே அதிரும். ஆரபியில் குழந்தைகளும் சேர்ந்துகொள்ளும். வராளி வந்ததும் குரல்கள் பாதியாகும். உதட்டை மட்டும் அசைப்பவர்களைப் பக்கத்தில் உட்கார்ந்தால் தெரியும். வராளியைக் குரு நேரே சொல்லிக்கொடுத்தால் குருவுக்கும் சிஷ்யருக்கும் மனத்தாங்கல் வரும் என்ற பழைய நம்பிக்கையால், வகுப்பில் அதைத் தொடாதவர்கள் உண்டு. அப்படியானால் அதைக் காதால் வாங்கிக்கொள்ள வேண்டிய இடம் ஆராதனைப் பந்தல்தான். ஆராதனைக்கு முந்திய வாரங்களில் வராளிக்கென்றே ஒத்திகை வைக்கலாம்.

பாட்டு ஒரே திசையில் போகவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். மைசூர் வாசுதேவாச்சாரியார் அரண்மனை உதவித்தொகையோடு திருவையாறு சென்று, பட்டணம் சுப்பிரமணிய ஐயரிடம் குருகுலவாசம் செய்தார். அந்த ஐயர், சுவாமிகளின் சீடரான மானம்புச்சாவடி வேங்கடசுப்பையரின் சீடர். ஊர் திரும்பிய ஆச்சாரியார் இருநூறு கிருதிகள் அளவுக்கு இயற்றி, முதிய வயதில் கலாக்ஷேத்திராவின் ராமாயண நாட்டிய நாடகங்களுக்கும் இசை தந்தார். நெல்லைச் சீமை ஹரிகேசநல்லூர் முத்தையா பாகவதரோ மைசூர் அரண்மனைக்கு வந்து சாமுண்டாம்பிகை மீது 108 கன்னடக் கிருதிகள் செய்தார்.

இந்த வளத்தின் மேல்தான் நம் ஊர்ச் சபாக்கள் எழுந்தன. 1905-இல் பெங்களூர் காயன சமாஜம். 1939-இல் சாமராஜப்பேட்டையில் எஸ்.வி. நாராயணசுவாமி ராவ் தொடங்கிய ஸ்ரீ ராமசேவா மண்டலி. ராமநவமிப் பந்தலில் கோட்டை உயர்நிலைப் பள்ளி மைதானம் நிறைந்து வழியும். 1980-இல் வயலின் வடிவிலேயே எழுந்த சௌடய்யா நினைவு அரங்கம். ஏழு தந்தி வயலின் கண்ட சௌடய்யாவும் பிடாரம் கிருஷ்ணப்பாவின் சீடர். ஆக, நாகரத்தினம்மாளுக்கு ஒருசாலை மாணாக்கர். சௌடய்யாவுக்கு இந்த ஊரில் ஓர் அரங்கமே இருக்கிறது. அம்மாளுக்குத் திருவையாற்றில்தான் நினைவிடம்.

1949-இல் எழுதிய உயிலில் தம் சொத்தைச் சமாதிக் கைங்கரியத்துக்கு வைத்த அம்மாள், அங்கே வந்து பாடும் பெண்களுக்கு, தேவதாசி மரபினர் உட்பட, ஆண்களுக்கு உள்ள வசதிகள் எல்லாம் கிடைக்க வேண்டும் என்று நிபந்தனை வைத்தார். 1952 மே மாதம் காலமானார். சுவாமிகளின் சன்னிதியை நோக்கிய அவர் சிலை அங்கே இருக்கிறது.

விழாக் குழுவினருக்கும் இதைப் படிக்கும் அன்பர்களுக்கும் ஒரு வேண்டுகோள். வரும் ஆராதனையில் தியாகராஜர், புரந்தரதாசர் படங்களுக்குப் பக்கத்தில் பெங்களூர் நாகரத்தினம்மாள் படத்தையும் வையுங்கள். பஞ்சரத்தினம் தொடங்குமுன் முனிசுவாமப்பா பெயரையும் மேடையில் ஒருமுறை சொல்லுங்கள். உங்கள் வீட்டுப் பரணில் பாட்டி, தாத்தா எழுதிய பாட்டு நோட்டுகள் இருந்தால், பழைய தாள் விலைக்குப் போடாமல் சபா செயலாளரிடம் கொடுங்கள். பிரதி எடுத்துக்கொண்டு திருப்பித் தந்துவிடலாம்.