எம்மி: ஜெயிச்சவங்க பட்டியலுக்குப் பின்னால

சின்ன வயசுல எங்கிட்ட ஒரு 'பொது அறிவு' நோட்டு இருந்தது. க்விஸ் போட்டிக்காக நோபல், ஆஸ்கர்னு பேப்பர்ல வர்ற பட்டியலையெல்லாம் அதுல எழுதி வைப்பேன். அமெரிக்கத் தொலைக்காட்சிக்குக் கொடுக்கிற எம்மி விருதுக்கும் ரெண்டு பக்கம் ஒதுக்கியிருந்தேன். அந்த நிகழ்ச்சிகள்ல ஒண்ணைக்கூட அப்ப பார்த்ததில்லை. எங்க வீட்ல தூர்தர்ஷன் மட்டும்தான்! பேர் தெரிஞ்சா போதாதா, மார்க் வந்துடும். :-)

போன மாசம் பரண் சுத்தம் பண்றப்ப அந்த நோட்டு கிடைச்சது. புரட்டிப் பார்த்ததும் ஒரு விஷயம் உறைச்சது. 'யார் ஜெயிச்சாங்க'ன்னு மட்டும்தான் எழுதியிருக்கேன். போட்டிக்குள்ளே நுழையவே முடியாம யார் யார் வெளியே நின்னாங்கன்னு ஒரு வரிகூட இல்லை. எம்மியோட நிஜமான வரலாறு அங்கேதான் இருக்குன்னு இப்ப தோணுது.

முதல்லேருந்து வருவோம். முதல் எம்மி விழா 1949 ஜனவரி 25 அன்று ஹாலிவுட் அத்லெடிக் கிளப்பில் நடந்தது. டிக்கெட் 5 டாலர். கொடுத்தது மொத்தமே ஆறு விருது. லாஸ் ஏஞ்சல்ஸ் வட்டார நிகழ்ச்சிகளுக்கு மட்டும்தான் அனுமதி. அதாவது, இன்னிக்கு உலகம் பூரா பேசற விருது, பொறந்தப்ப ஒரு ஊர்க்காரங்க தங்களுக்குள்ளே வெச்சுக்கிட்ட ஆண்டு விழா மாதிரிதான் இருந்தது. நாடு முழுக்க நேரடியா ஒளிபரப்பானது 1955-ல்தான்.

அன்னிக்குச் 'சிறந்த தொலைக்காட்சிப் பிரபலம்' விருது வாங்கினது யார் தெரியுமா? ஷெர்லி டின்ஸ்டேல்னு 22 வயசுப் பெண். உதடு அசையாம பொம்மையைப் பேச வைக்கிற கலை அவருக்குக் கைவந்தது. பொம்மையோட பேர் ஜூடி ஸ்ப்ளின்டர்ஸ். எம்மி வாங்கின முதல் ஆள் ஒரு பெண்ணும் ஒரு பொம்மையும்! க்விஸ்ல கேட்டா எத்தனை பேர் சொல்லுவாங்க?

விருதோட பேருக்கும் ஒரு கதை இருக்கு. அந்தக் கால டிவி கேமராவுக்குள்ள 'இமேஜ் ஆர்த்திக்கான்'னு ஒரு குழாய் இருக்கும். தொழில்ல இருக்கறவங்க அதைச் செல்லமா 'இம்மி'ன்னு கூப்பிடுவாங்க. (நம்ம ஊர்ல 'இம்மியளவும்'னு சொல்ற இம்மி இல்லீங்க!) சிலை பெண் உருவத்துல அமைஞ்சதால 'இம்மி' பெண் பேரா மாறி 'எம்மி' ஆயிடுச்சு. சிலையை வடிவமைச்சவர் லூயி மெக்மானஸ். 47 மாதிரிகளை வேண்டாம்னு ஒதுக்கிட்டு, 48-வதா வந்த இவரோடதை எடுத்துக்கிட்டாங்க. மாடலா நின்னது அவரோட மனைவி. அந்தப் பெண்ணோட இறக்கை கலையைக் குறிக்கும், தூக்கிப் பிடிச்சிருக்கிற அணு அறிவியலைக் குறிக்கும்.

சரி, சிலை பெண்தான். அதைக் கையில வாங்கின பெண்கள் யார் யார்? இங்கேதான் என் நோட்டு கோட்டை விட்டுடுச்சு.

எம்மி வாங்கின முதல் கறுப்பினக் கலைஞர் ஹாரி பெலஃபான்டே. வருஷம் 1960. நாடகத் தொடர் பிரிவில் சிறந்த நடிகர் விருதை ஒரு கறுப்பின நடிகர் வாங்கினது 1966-ல். 'ஐ ஸ்பை' தொடருக்காக பில் காஸ்பி. (பின்னாளில் பாலியல் குற்றச்சாட்டுகளால் அவர் பேர் கெட்டுப்போனது வேற கதை.) நகைச்சுவைப் பிரிவில் சிறந்த நடிகை விருது 1981-ல் 'தி ஜெஃபர்சன்ஸ்' தொடருக்காக இஸபெல் சான்ஃபோர்டுக்குக் கிடைச்சது. நாடகத் தொடர்ல சிறந்த நடிகை மட்டும் பாக்கி.

அது எப்ப கிடைச்சதுன்னு நினைக்கறீங்க? 1985? 1995? ம்ஹூம். 2015! 'ஹவ் டு கெட் அவே வித் மர்டர்' தொடருக்காக வயோலா டேவிஸ் வாங்கினார். முதல் விழா நடந்து 66 வருஷம் கழிச்சு. எழுதறப்பவே தப்பா போட்டுட்டோமோன்னு ரெண்டு தடவை கழிச்சுப் பார்த்தேன்.

மேடையில அவர் பேசினதோட சாரம் இதுதான்: எங்களுக்கும் மத்தவங்களுக்கும் உள்ள ஒரே வித்தியாசம் வாய்ப்புதான், இல்லாத வேஷத்துக்கு யாரும் விருது வாங்க முடியாது. அந்த 66 வருஷமும் நடிக்கத் தெரிஞ்சவங்க இல்லாம இல்லை, அவங்களுக்காக எழுதின வேஷம்தான் இல்லை. ஓட்டுப் போடற நடுவர் எவ்வளவு நேர்மையா இருந்தாலும், தன் முன்னால வராத நடிப்புக்கு எப்படி ஓட்டுப் போடுவார்?

சில சமயம் கதவைச் சாத்தினது விதிமுறையே. 1988 வரைக்கும் கேபிள் சேனல்களுக்கு எம்மி போட்டியில இடம் கிடையாது. ஏபிசி, சிபிஎஸ், என்பிசி மாதிரி பெரிய நெட்வொர்க்குகளோட ராஜ்யம்தான். கேபிள்காரங்க பார்த்தாங்க, தங்களுக்குன்னு 'ஏஸ்' விருது ஒண்ணை ஆரம்பிச்சு நடத்திக்கிட்டாங்க. கதவு திறந்த பிறகும் ஒரு கேபிள் தொடர் 'சிறந்த நாடகத் தொடர்' விருதை வாங்க 2004 ஆச்சு. எச்பிஓ-வின் 'தி சோப்ரானோஸ்'. அதுவும் முதல் முயற்சியில இல்லை. 2000-லேருந்து 2003 வரை நாலு வருஷம் தொடர்ந்து 'தி வெஸ்ட் விங்' தட்டிக்கிட்டுப் போச்சு.

அதே எச்பிஓ-வில்தான் 2002 முதல் 2008 வரை 'தி வயர்' வந்தது. பால்டிமோர் நகரத்துப் போதைப்பொருள் வியாபாரம், போலீஸ், துறைமுகம், பள்ளிக்கூடம், பத்திரிகை ஆபீஸ் எல்லாத்தையும் பிரிச்சுக் காட்டின தொடர். கறுப்பின நடிகர்கள் இவ்வளவு பேர் இவ்வளவு கனமான வேஷங்கள்ல நடிச்ச தொடர் அதுக்கு முன்னால அபூர்வம். இதைவிட நல்ல தொடரை நான் பார்த்ததில்லை. எத்தனை எம்மி வாங்கிச்சு? ஒண்ணுகூட இல்லை. எழுத்துக்காக ரெண்டே ரெண்டு பரிந்துரை, அவ்வளவுதான். என் நோட்டுல அதோட பேரே இல்லாததுல ஆச்சரியம் என்ன? 'பெட்டர் கால் சால்' கதை இன்னும் பாவம். 53 பரிந்துரை, பூஜ்யம் விருது!

2016-ல் நமக்கு நெருக்கமான ஒண்ணு நடந்தது. 'மாஸ்டர் ஆஃப் நன்' தொடரின் 'பேரன்ட்ஸ்' என்ற அத்தியாயத்துக்காக அஸீஸ் அன்சாரியும் ஆலன் யாங்கும் சிறந்த நகைச்சுவை எழுத்து விருது வாங்கினாங்க. அன்சாரியோட அப்பா அம்மா திருநெல்வேலிப் பக்கத்துத் தமிழர்கள். தொடர்லயும் அப்பா அம்மாவா நடிச்சது அவங்களேதான். குடியேறின பெற்றோர் என்ன பாடுபட்டாங்கன்னு அமெரிக்காவுல பொறந்த பிள்ளைகள் லேட்டா புரிஞ்சுக்கிற கதை. மேடையில யாங் ஒரு கணக்கு சொன்னார். அமெரிக்காவுல ஆசிய வம்சாவளியினரும் 1.7 கோடி, இத்தாலிய வம்சாவளியினரும் 1.7 கோடி, அவங்களுக்கு 'காட்ஃபாதர்', 'ராக்கி'ன்னு வரிசையா இருக்கு, எங்களுக்கு என்ன இருக்குங்கற அர்த்தத்துல கேட்டார். சிரிக்க வெச்சுக்கிட்டே குத்தினார் மனுஷன்!

அதுக்கப்புறம் கதவு கொஞ்சம் வேகமாவே திறந்தது. 2017-ல் 'தி ஹேண்ட்மெய்ட்ஸ் டேல்' மூலமா சிறந்த நாடகத் தொடர் விருது முதல் தடவையா ஸ்ட்ரீமிங் பக்கம் போச்சு. 2022-ல் 'ஸ்க்விட் கேம்' தொடரின் லீ ஜுங்-ஜே கொரிய மொழியில நடிச்சே சிறந்த நடிகர் ஆனார். 2024-ல் வசனத்துல பெரும்பகுதி ஜப்பானிய மொழியில இருந்த 'ஷோகன்' ஒரே வருஷத்துல 18 எம்மி வாங்கி சாதனை பண்ணிச்சு. லாஸ் ஏஞ்சல்ஸ் வட்டாரத்துக்கு மட்டும்னு ஆரம்பிச்ச விருதுங்கறதை ஞாபகம் வெச்சுக்கோங்க.

இதையெல்லாம் சொன்னதும் என் அக்கா பையன் கேட்டான், "அப்ப அவார்டெல்லாம் சும்மாதானே மாமா?" எனக்கு அப்படிச் சொல்ல மனசு வரலை. சும்மான்னா வயோலா டேவிஸ் அன்னிக்கு ஏன் கண்கலங்கணும்? ஜெயிச்சவங்க பட்டியல் பொய் இல்லைடா, பாதிக் கதைன்னு மட்டும் சொன்னேன்.

நோட்டை மறுபடி பரண்ல போடலை. எம்மி பக்கத்துல ஓரமா ஒரு கோடு கிழிச்சு, 'வராதவங்க'ன்னு தலைப்புப் போட்டு முதல் வரியா 'தி வயர்'னு எழுதியிருக்கேன். அடுத்த வரிக்கு உங்ககிட்ட ஏதாவது பேர் இருக்கா? இருந்தா சொல்லுங்க, சேர்த்துக்கறேன்.