திடலிலும் களத்திலும்: வால்ட்டர் டல்லின் வரலாறு

காற்பந்து ஆடிச் சம்பளம் பெறுவது இன்று யாருக்கும் வியப்பளிப்பதில்லை. ஆனால் இங்கிலாந்தின் காற்பந்துச் சங்கம் இதற்கு இசைவு தந்தது 1885ஆம் ஆண்டில்தான். தொழில்முறை ஆட்டத்தின் அத்தொடக்கக் காலத்தில் திடலில் இறங்கிய கறுப்பின ஆட்டக்காரர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். அச்சிலருள் ஒருவர் வால்ட்டர் டல். திடலில் தொடங்கிய இவருடைய வாழ்வு, முதல் உலகப் போரின் களத்தில் முடிந்தது. ஒரு பேரரசு தன் சட்டத்தில் எழுதி வைத்ததற்கும், அதன் போர்முனையில் நடந்ததற்கும் இருந்த இடைவெளியை இவருடைய வரலாறு காட்டுகின்றது.

பிறப்பும் இளமையும்

இங்கிலாந்தின் கெண்ட் மாவட்டத்தில் கடலோரமாக அமைந்த ஊர் போக்ஸ்டன். அவ்வூரில் 1888 ஏப்ரல் 28ஆம் நாள் வால்ட்டர் பிறந்தார். தந்தையார் டேனியல் டல், மேற்கிந்தியத் தீவுகளுள் ஒன்றான பார்படோசிலிருந்து குடியேறிய தச்சுத் தொழிலாளர். டேனியலைப் பெற்றவரோ அத்தீவில் அடிமையாக இருந்தவர். தாயார் ஆலிஸ், கெண்ட் மாவட்டத்து வெள்ளைக்காரப் பெண்மணி.

வால்ட்டருக்கு ஏழு வயதிருக்கும்போது, 1895இல் தாயார் புற்றுநோயால் மறைந்தார். தந்தையார் மறுமணம் செய்துகொண்டார். ஆயின் 1897 டிசம்பரில் அவரும் இதய நோயால் இறந்தார். சிற்றன்னையால் அத்தனை பிள்ளைகளையும் வளர்க்க இயலவில்லை. எனவே 1898இல் வால்ட்டரும் அவருடைய அண்ணன் எட்வர்டும் இலண்டனின் கிழக்குப் பகுதியில் மெதடிஸ்டுத் திருச்சபையார் நடத்திய அநாதை இல்லத்தில் சேர்க்கப்பட்டனர். ஈராண்டுகளில் உடன்பிறந்தாரும் பிரிய நேர்ந்தது. கிளாஸ்கோ நகரத்துக் குடும்பம் ஒன்று எட்வர்டைத் தத்தெடுத்துக்கொண்டது. அவர் பின்னாளில் படித்துப் பல் மருத்துவரானார். இல்லத்திலேயே தங்கிய வால்ட்டர், அச்சுத் தொழில் பயின்றார். இல்லத்தின் குழுவில் காற்பந்தும் ஆடினார்.

நான்கு பவுன் சம்பளம்

1908இல் வால்ட்டர் கிளாப்டன் என்னும் சம்பளமில்லாக் குழுவில் சேர்ந்தார். அந்த ஒரே பருவத்தில் அக்குழு, சம்பளம் பெறாதோருக்கான சங்கக் கிண்ணம் உட்பட மூன்று கிண்ணங்களை வென்றது. புதிய ஆட்டக்காரரின் திறமை பெருங்குழுக்களின் கண்ணில் பட்டது. 1909இல் டாட்டன்ஹாம் ஹாட்ஸ்பர் குழு அவரை ஒப்பந்தம் செய்து, அர்ஜென்டினாவுக்கும் உருகுவேக்கும் சென்ற சுற்றுப்பயணத்தில் உடன் அழைத்துச் சென்றது. ஒப்பந்தப் பணம் 10 பவுன். வாரச் சம்பளம் 4 பவுன். விதிப்படி எந்த ஆட்டக்காரருக்கும் அதற்குமேல் கொடுக்க முடியாத காலம் அது. அச்சுக்கூடத்தில் மை பூசிய கைகளுக்கு அது பெருந்தொகை.

அவ்வாண்டுதான் டாட்டன்ஹாம் முதல் பிரிவுக்கு உயர்ந்திருந்தது. வால்ட்டர் முன்னணியில் உள் நிலையில் ஆடினார். விரைந்து ஓடுவது அவருடைய இயல்பன்று. எதிரியின் நகர்வை முன்னறிந்து, பந்தை நிதானமாகத் தோழர்க்கு வழங்குவதே அவருடைய திறம். ஆயினும் 1909 அக்டோபரில் பிரிஸ்டல் நகரில் நடந்த ஆட்டத்தில் பார்வையாளருள் ஒரு பகுதியினர் அவருடைய நிறத்தைச் சொல்லி இழிவாகக் கூச்சலிட்டனர். அந்த ஆட்டத்தைப் பற்றி எழுதிய செய்தியாளர் ஒருவர் அக்கூட்டத்தை வன்மையாகக் கண்டித்ததோடு, திடலில் இருந்தோருள் மிகச் சிறந்தவராக வால்ட்டரையே பாராட்டினார். பாராட்டு பத்திரிகையில் நின்றது. சில நாள்களில் வால்ட்டர் இரண்டாம் நிலைக் குழுவுக்கு இறக்கப்பட்டார். டாட்டன்ஹாமின் முதற்குழுவுக்காக அவர் ஆடிய முதல் பிரிவு ஆட்டங்கள் பத்து. அடித்த கோல்கள் இரண்டு.

1911இல் நார்தாம்டன் குழுவின் நிர்வாகி ஹெர்பர்ட் சாப்மன் அவரைத் தம் குழுவுக்கு வாங்கினார். பின்னாளில் ஆர்சனல் குழுவைப் புகழின் உச்சிக்கு உயர்த்தியவர் இந்தச் சாப்மனே. அவர் வால்ட்டரை முன்னணியிலிருந்து நடு அணிக்கு மாற்றினார். அங்கேதான் அவருடைய ஆட்டம் முழுமை பெற்றது. நார்தாம்டனுக்காக அவர் நூற்றுக்கு மேற்பட்ட ஆட்டங்கள் ஆடினார்.

காற்பந்தாட்டக்காரர் படை

1914 ஆகஸ்டில் போர் மூண்டது. நாடு போரிடும்போது உடல் வலுவுள்ள இளைஞர்கள் பந்தாடித் திரிவதா என்று பத்திரிகைகள் கேட்டன. அதன் விளைவாக அவ்வாண்டு டிசம்பரில் மிடில்செக்ஸ் படைப்பிரிவின் பதினேழாம் அணி, காற்பந்தாட்டக்காரர்களைக் கொண்டு அமைக்கப்பட்டது. அதே மாதத்தில் வால்ட்டர் அதில் சேர்ந்தார். 1915 நவம்பரில் பிரான்சு சேர்வதற்குள்ளாகவே அவருக்குப் பதவி உயர்வு கிடைத்தது. இடைவிடாத பீரங்கி வேட்டுகளால் மனம் கலங்கி 1916 மே மாதம் தாயகம் அனுப்பப்பட்டார். குணமடைந்து, சோம் போர்முனைக்குத் திரும்பினார். அவ்வாண்டின் இறுதியில் பதுங்குகுழிக் காய்ச்சல் கண்டு மீண்டும் தாயகம் வந்தார்.

இந்நிலையில் அவரை அதிகாரிப் பயிற்சிக்கு அனுப்புமாறு மேலதிகாரிகள் பரிந்துரைத்தனர். இங்கேதான் சட்டம் குறுக்கிட்டிருக்க வேண்டும். பிரிட்டிஷ் இராணுவத்தில் அதிகாரியாக விரும்புவோர் கலப்பற்ற ஐரோப்பிய வமிசத்தினராக இருத்தல் வேண்டும் என்பது அக்கால விதி. வெள்ளை வீரர்கள் கறுப்பர் ஒருவரின் கட்டளைக்கு அடங்கமாட்டார்கள் என்னும் எண்ணமே இவ்விதிக்கு அடிப்படை. ஆனால் போர் மூன்றாண்டை நெருங்கியபோது, முன்னின்று படை நடத்திய இளம் அதிகாரிகள் ஆயிரக்கணக்கில் மாண்டிருந்தனர். அனுபவம் உள்ளோர் தேவைப்பட்டனர். ஸ்காட்லாந்தில் பயிற்சி முடித்த வால்ட்டர், 1917 மே 30ஆம் நாள் இரண்டாம் லெப்டினன்டாக நியமிக்கப்பட்டார். விதி நீக்கப்படவில்லை; அது ஏட்டில் அப்படியே இருந்தது.

பிரிட்டிஷ் இராணுவத்தின் முதல் கறுப்பின அதிகாரி இவரே என்று பலரும் எழுதுவதுண்டு. ஜமைக்காவில் பிறந்த ஜார்ஜ் பீமாண்ட் 1915ஆம் ஆண்டிலேயே பீரங்கிப் படையில் அதிகாரியானமையால், அக்கூற்றைத் திருத்திக்கொள்வது முறை. முதல்வர் என்னும் பட்டம் நீங்கினாலும் வால்ட்டரின் சிறப்புக் குறைவதில்லை. வெள்ளை வீரர்கள் இவருடைய கட்டளையை ஏற்பார்களா என்னும் கேள்விக்கு அடுத்த ஆண்டே விடை கிடைத்தது.

பியாவே ஆற்றங்கரையில்

1917 இறுதியில் வால்ட்டர், இரண்டாவது காற்பந்தாட்டக்காரர் படையான மிடில்செக்ஸ் இருபத்து மூன்றாம் அணியுடன் இத்தாலிக்குச் சென்றார். 1918ஆம் ஆண்டுத் தொடக்கத்தில், குளிரில் உறையும் பியாவே ஆற்றை இரவில் கடந்து, பகைவர் பகுதிக்குள் 26 பேரை நடத்திச் சென்றார். கடும் வேட்டுகளுக்கிடையே அந்த 26 பேரையும் காயமின்றித் திரும்பக் கொணர்ந்தார். தளபதி சிட்னி லாஃபர்டு அவருடைய துணிவையும் பதறாமையையும் எழுத்து மூலம் பாராட்டினார். திடலில் பத்திரிகையாளர் கண்ட அதே நிதானம், ஆற்றங்கரையில் தளபதியின் கண்ணிலும் பட்டது.

மார்ச் மாதம் அணி பிரான்சுக்குத் திரும்பியது. 21ஆம் நாள் ஜெர்மானியர் பெருந்தாக்குதல் தொடங்கினர். 25ஆம் நாள், ஃபாவ்ரெய் என்னும் சிற்றூருக்கருகே நடந்த சண்டையில் வால்ட்டர் குண்டடிபட்டு வீழ்ந்தார். முப்பது வயது நிறைய இன்னும் ஒரு மாதம் இருந்தது. பகைவர் நெருங்கி வரும் நேரத்திலும் அவருடைய வீரர்கள் அவரைத் தூக்கிவர முயன்றனர்; லெஸ்டர் குழுவின் கோல் காவலராக இருந்த பில்லிங்கம் அவர்களுள் ஒருவர். முயற்சி கைகூடவில்லை. கறுப்பருக்கு அடங்கமாட்டார்கள் என்று சட்டம் எவரைப் பற்றி எழுதி வைத்ததோ, அந்த வெள்ளை வீரர்களே அவருடைய உடலுக்காகத் தங்கள் உயிரைப் பணயம் வைத்தனர்.

பதக்கமும் நினைவும்

அவர் இராணுவச் சிலுவைப் பதக்கத்துக்குப் பரிந்துரைக்கப்பட்டிருந்தார் என்று உடன் பணியாற்றிய அதிகாரி ஒருவர் அண்ணன் எட்வர்டுக்குக் கடிதம் எழுதினார். பதக்கம் வழங்கப்படவில்லை. அவருடைய உடலும் கிடைக்கவில்லை; அர்ராஸ் நினைவு மண்டபத்தில் பெயர் மட்டும் பொறிக்கப்பட்டுள்ளது.

பல்லாண்டுகள் மறக்கப்பட்டிருந்த அப்பெயரை ஆராய்ச்சியாளர்கள் மீட்டெடுத்தனர். 1999இல் நார்தாம்டன் குழுவின் திடலருகே நினைவுச் சின்னம் எழுந்தது. 2018இல், அவர் மறைந்த நூறாம் ஆண்டில், பிரிட்டிஷ் அஞ்சல் துறை அவருடைய உருவத்துடன் அஞ்சல்தலை வெளியிட்டது. 2021இல் ஆங்கிலக் காற்பந்துப் புகழ் மண்டபத்தில் அவர் இடம்பெற்றார். மறைந்தபின் பதக்கம் வழங்கவேண்டும் என்ற கோரிக்கையும் எழுந்தது.

பதக்கப் பட்டியலில் அவர் பெயர் இல்லை. ஆனால் பியாவே ஆற்றைக் கடந்து சென்ற 26 பேர் மீண்டு வந்தனர். ஓர் அதிகாரியின் தகுதிக்கு அதனினும் உறுதியான சான்று வேறு வேண்டுவதில்லை.