திருப்பித் தரப்பட்ட ஜாடி

ஜப்பானில் ஜூன் மாதம் தொடங்கும் மழையின் பெயரை ‘உமே மழை’ என்றுதான் எழுதுகிறார்கள். உமே, ஏப்ரிகாட்டுக்கு நெருங்கிய உறவுள்ள புளிப்புப் பழம். அது பச்சைக் காயாகக் கடைக்கு வரும் நாள்களில் வீடுகளில் பெரிய கண்ணாடி ஜாடிகள் வெளியே வருகின்றன. ஒரு கிலோ காயைக் கழுவி, ஈரம் போகத் துடைத்து, காம்பைக் குச்சியால் நெம்பி எடுத்து, அரைக் கிலோவுக்குக் குறையாத கற்கண்டோடு அடுக்கி, 35 சதவீத ஆல்கஹால் கொண்ட நிறமற்ற சாராயம் 1.8 லிட்டரை ஊற்றி மூடுகிறார்கள். கற்கண்டு மெதுவாகக் கரைவதால் சாராயம் முதலில் காய்க்குள் இறங்குகிறது. இனிப்பு ஏற ஏற, காயின் சாறு வெளியே வருகிறது. ஓர் ஆண்டில் பொன்னிற ‘உமேஷு’ தயாராகிவிடும்.

பாட்டி, அம்மா, மகள் என்று கைமாறும் மரபாக இதைச் சொல்வது வழக்கம். ஆனால் 1962 வரை அந்தப் பாட்டி செய்தது சட்டப்படி குற்றம்.

பழக்கம் புதியதல்ல. 1697இல் மருத்துவர் ஹிதோமி ஹித்சுதாய் வெளியிட்ட ‘ஹொன்ச்சோ ஷொக்கன்’ என்ற உணவு நூலிலேயே உமேஷு இருக்கிறது. அதைவிடப் பழையது, அரிசியை நொதிக்கவைத்து வீட்டிலேயே செய்த ‘தொபுரொகு’. கிராமத்து வீடுகளில் சோறு வடிப்பதுபோல அதுவும் பெண்களின் வேலை. மது வடிக்கும் கூடத்தின் தலைவரை ஜப்பானியர் ‘தோஜி’ என்கிறார்கள். இல்லத்தலைவியைக் குறித்த பழைய சொல்லும் ‘தோஜி’தான்; இதிலிருந்தே அது பிறந்தது என்று கருதுவோர் உண்டு. தொழில் பெரிதானபோது அந்தக் கூடங்கள் பெண்களை வாசலிலேயே நிறுத்தின. வீட்டுப் பானை மட்டும் அவர்களிடம் மிஞ்சியது.

1899இல் அரசு அதையும் தடைசெய்தது. காரணம் ஒழுக்கமல்ல, வருமானம். சீனாவுடன் போர் முடித்து ராணுவத்தைப் பெருக்கிக்கொண்டிருந்த அரசுக்கு, நிலவரியை முந்தும் அளவுக்கு மதுவரி முக்கியமாகியிருந்தது. வரி கட்டாத வீட்டுப் பானை அந்தக் கணக்கில் ஓர் ஓட்டை. வரி அதிகாரிகள் கிராமங்களில் சோதனை நடத்தினார்கள், பானைகள் ஒளிந்தன. வரி கட்டி வாங்கிய சாராயத்தில் பழத்தை ஊறவைப்பதுகூடப் புதிய மது உற்பத்தியாகவே கருதப்பட்டது.

1962இல் சட்டம் இளகியது, நிபந்தனைகளோடு. வாங்கும் மது 20 சதவீத ஆல்கஹாலுக்குக் குறையக் கூடாது. திராட்சை சேர்க்கக் கூடாது. தானும் வீட்டாரும் குடிக்கலாம், விற்கக் கூடாது. இந்த நிபந்தனைகளின் சாரம் ஒன்றுதான்: ஜாடிக்குள் புதிதாக ஆல்கஹால் பிறக்கக் கூடாது. 20 சதவீதத்தில் ஈஸ்ட் பிழைப்பது கடினம்; திராட்சையோ எளிதில் நொதிக்கும். அரசு திருப்பித் தந்தது ஊறவைக்கும் ஜாடியை. நொதிக்கவைக்கும் பானையைத் தரவில்லை.

பானைக்காக நீதிமன்றம் போனவர் மாயேதா தொஷிஹிகோ. வெளிப்படையாகவே தொபுரொகு செய்து, அது தன் உரிமை என்று வாதாடினார். 1989இல் உச்ச நீதிமன்றம் வரி வருவாயைக் காரணம் காட்டித் தண்டனையை உறுதிசெய்தது. தோற்றாலும் அவருடைய வாதம் சட்ட நூல்களில் இருக்கிறது. அவருக்கு முன்பு பானையை ஒளித்த பெண்கள் அதை உரிமை என்று பேச எந்த மேடையும் இருந்ததில்லை.

2008 முதல் விடுதிகளும் உணவகங்களும் தாங்களே ஊறவைத்த பழமதுவை வாடிக்கையாளருக்குப் பரிமாறலாம். வீட்டில் செய்பவள் இன்றும் ஒரு கோப்பைகூட விற்க முடியாது. ஆகவே உமேஷு ஜாடியைத் தாய்மையின் அடையாளமாக மட்டும் கொண்டாடுவது அரசுக்கு வசதியான கதை. அன்பு என்று சொல்லிவிட்டால் யாரும் கூலி கேட்பதில்லை; பறிபோன அறிவைப் பற்றியும் பேச வேண்டியதில்லை.